வாங்கலாம் என்று நினைத்ததற்கே இவ்வளவு சத்தமா?

டிவியில் மாட்டி கேம் ஆடுகிற பெட்டிதான் கன்சோல், அதன் ஸ்டோரில் ஒரு கேமைப் பார்க்கிறோம். விலை இப்போது கட்டுப்படியாகாது, தள்ளுபடி வரும்போது பார்த்துக்கொள்ளலாம் என்று அந்த ஹார்ட் பொத்தானை ஒரு தட்டு தட்டிவிட்டு வந்துவிடுகிறோம். நம்மைப் பொறுத்தவரை அது ஒரு குறிப்பு, அவ்வளவுதான். கன்சோல் அதை அவ்வளவு லேசாக எடுத்துக்கொள்வதில்லை. விஷ்லிஸ்டில், அதாவது வாங்க நினைப்பவற்றின் பட்டியலில், சேர்த்த கையோடு, அந்த கேமை ஃபாலோ செய்கிறவர்கள் கணக்கிலும் நம் பெயரைத் தானாகவே எழுதிக்கொள்கிற ஏற்பாடு வந்துவிட்டது. அப்புறம் அந்த கேம் கம்பெனிக்கு எதைச் சொல்லத் தோன்றினாலும், புது டிரெய்லரோ, சீசன் பாஸோ, ஏதோ ஒரு கதாபாத்திரத்துக்குத் தைத்த புதுச் சட்டையோ, எல்லாம் நம் வீட்டு டிவியில் வந்து நிற்கிறது. விலை இறங்கினால் சொல்லு என்பது மட்டும்தான் நாம் கேட்டது.

எனக்கு இதில் இருக்கும் சண்டை ஒன்றே ஒன்றுதான். வாங்க ஆசைப்படுவது வேறு, அதைப் பற்றிய செய்தி கேட்க ஆசைப்படுவது வேறு. இரண்டையும் ஒரே பொத்தானில் முடிச்சுப் போட்டது யாரைக் கேட்டு?

எங்கள் வீடு கானாடுகாத்தான் பக்கம். பங்காளிகள் சென்னையிலும் சிங்கப்பூரிலுமாக இருக்க, வீட்டில் நிரந்தரமாக இருப்பது நாங்கள்தான். செட்டிநாட்டு வீடுகளின் சுவர்க் கனம் தெரிந்தவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை, முகப்பில் இருக்கும் ரௌட்டரின் வைஃபை வளவைத் தாண்டி இரண்டாம் கட்டுக்குள் கால் வைக்காது. அதனால் ஒரு லேன் வயரைத் தேக்குத் தூண்களை ஒட்டியே இழுத்துக்கொண்டுபோய் உள் அறை டிவிக்குக் கீழே கன்சோலை வைத்திருக்கிறோம். தனி ஆள் சாமான் அல்ல அது. லீவுக்கு வரும் ஆச்சி மகன் (எங்கள் பக்கம் ஆச்சி என்றால் அக்கா) கேம் ஆடுவான், அப்பச்சி, அதாவது அப்பா, அதிலேயே யூடியூபில் பழைய கச்சேரி கேட்பார், ஆத்தா, அதாவது அம்மா, சீரியல் பார்ப்பார்கள். ஒரே டிவி, ஒரே கன்சோல். அதில் யாருடைய கணக்கு திறந்திருக்கிறது என்பதை ஒருவரும் கவனிப்பதில்லை.

இந்த ஏற்பாட்டில் விஷ்லிஸ்ட் என்னென்ன கூத்து பண்ணும் என்று அந்த ஸ்டோரை வடிவமைத்தவர்கள் நினைத்துப் பார்த்திருக்க மாட்டார்கள். ஆச்சி மகன் கோடை லீவில் கண்ணில் பட்டதையெல்லாம் ஹார்ட் போட்டுவிட்டு ஊருக்குப் போய்விட்டான். அவன் கணக்கு திறந்தபடியே கிடந்தது. அப்பச்சி சஞ்சய் சுப்ரமணியன் கச்சேரியில் ஆழ்ந்திருக்கும்போது திரையின் மேல் ஓரத்தில் இரும்பு முகமூடி போட்ட ஒருவன் கையில் வாளோடு எட்டிப் பார்க்கிறான், பக்கத்தில் ஆங்கிலத்தில் ஏதோ ஒரு வரி, நாலைந்து நொடி நின்றுவிட்டு மறைகிறான். மறுநாளும் அதே ஆள், வேறு வரி. “இவன் யாருடா, தினம் வந்து தலையக் காட்டிட்டுப் போறான், பணம் எதுவும் பாக்கியா?” என்று கேட்டார் அப்பச்சி. பாக்கி ஒன்றும் இல்லை, உங்கள் பேரன் அவனை வாங்கலாமா என்று ஒரு தடவை யோசித்தான், அதற்குத்தான் இந்த வருகை என்று விளக்கினேன். அவருக்குப் புரிந்த மாதிரி தெரியவில்லை. சொன்ன எனக்கே அது புரிகிற காரணமாகப் படவில்லை.

உள்ளே நடப்பதைக் கொஞ்சம் பிரித்துப் பார்க்கலாம். விஷ்லிஸ்டிலிருந்து நியாயமாக வர வேண்டிய செய்திகள் மொத்தமே மூன்றுதான்: கேம் வெளியாகிவிட்டது, விலை குறைந்திருக்கிறது, முன்பதிவு தொடங்கிவிட்டது. ஃபாலோ என்பது இன்னொரு குழாய். கேம் தயாரித்தவர்கள் போடும் பதிவுகள், அப்டேட் அறிவிப்புகள், நிகழ்ச்சிகள், கூடுதல் பேக் விளம்பரங்கள் எல்லாம் அதன் வழியாக வரும். அதில் ஒரு பங்கு கன்சோலின் முகப்புத் திரையில் கட்டம் கட்டமாக உட்காரும், ஒரு பங்கு பாப்-அப்பாகக் குதிக்கும், மிச்சம் போனில் இருக்கும் ஆப்புக்குப் போகும், மின்னஞ்சல் தனி. ஹார்ட்டைத் தட்டியதும் இரண்டு குழாயும் சேர்ந்தே திறந்துவிடுவதுதான் தொல்லை. விலை குறைந்த செய்தி ஒன்று வரும் இடத்தில் சட்டை, தொப்பி, சீசன் சமாச்சாரம் பத்து வருகிறது. எது எந்தக் குழாயில் வந்தது என்று பாப்-அப்பைப் பார்த்துச் சொல்ல முடியாது. கடைசியில் எதையுமே படிக்காமல் கண் தானாகத் தள்ளிவிடப் பழகிவிடுகிறது. எனக்கு வேண்டியிருந்த தள்ளுபடிச் செய்தியும் அந்தக் கூட்டத்தோடு கூட்டமாகப் போய்விட்டது.

நம் ஊரில் விஷ்லிஸ்ட் போடுவதற்கு முக்கியக் காரணமே விலைதான் என்பதையும் சொல்ல வேண்டும். சோனியின் பிளேஸ்டேஷன் 5 கன்சோல் இந்தியாவுக்கு 2021 பிப்ரவரி 2ஆம் தேதி வந்தபோது டிஸ்க் போடும் மாடல் 49,990 ரூபாய், அடுத்த வருடக் கடைசியில் அது 54,990 ஆனது. அந்தச் சமயத்தில் பெரிய கேம் ஒன்று புதிதாக வந்தால் 4,999 ரூபாய் வரை இருந்தது. காரைக்குடியில் சம்பளம் வாங்குகிற யாரும் வெளியான அன்றே அந்த விலை கொடுத்து வாங்கப்போவதில்லை. ஒரு வருடம் காத்திருந்தால் பாதிக்கு வரும், இன்னும் காத்திருந்தால் அதற்கும் கீழே போகும், அவசரம் ஒன்றும் இல்லை. இல்லையென்றால் மதுரைக்கோ திருச்சிக்கோ போகும்போது பழைய டிஸ்க் கிடைக்கிறதா என்று பார்ப்போம். ஆக, எங்களுக்கு விஷ்லிஸ்ட் என்பது பொறுத்திருப்பதற்கான கருவி. கடைக்காரர்களுக்கு அது எங்களைப் பொறுத்திருக்க விடாமல் பண்ணுவதற்கான கருவி. ஒரே பட்டியலை ஆளுக்கொரு பக்கம் இழுக்கிறோம்.

காரைக்குடியில் முனீஸ்வரன் கோவில் தெரு இருக்கிறது. இடித்த வீடுகளிலிருந்தும் பாகம் பிரித்த வீடுகளிலிருந்தும் வரும் பழைய சாமான்கள் அங்கேதான் வந்து சேரும்: பர்மா தேக்குக் கதவு, பெல்ஜியம் கண்ணாடி, ரவிவர்மா படம், மரச் சொப்பு, ஸ்வீடனிலிருந்தும் ஜப்பானிலிருந்தும் அந்தக் காலத்தில் கப்பலில் வந்த எனாமல் பாத்திரம். எங்கள் ஆத்தாவிடம் நீலக் கரை போட்ட வெள்ளை எனாமல் அடுக்குக் கேரியர் ஒன்று உண்டு, அதில் நடுத்தட்டு மட்டும் எப்போதோ தொலைந்துபோனது. அந்தத் தெருவில் ஒரு கடையில் சொல்லி வைத்தேன். கடைக்காரர் கேரியரை வாங்கித் திருப்பிப் பார்த்தார், அடித்தட்டின் வாயில் சாண் வைத்து அளந்தார், கிழித்துப்போட்ட காலண்டர் தாளின் பின்பக்கம் ‘நீலக்கரை, நடுத்தட்டு’ என்று எழுதி என் போன் நம்பரையும் குறித்துக்கொண்டார். பல மாதம் ஒரு சத்தமும் இல்லை. நானே மறந்த பிறகு ஒரு நாள் கூப்பிட்டார். “தம்பி, நீங்க சொன்ன தட்டு வந்துருக்கு. ஒரு ஓரத்துல எனாமல் பேந்துருக்கு, பரவாயில்லன்னா வந்து பாருங்க.” அவ்வளவுதான் பேச்சு. இடைப்பட்ட மாதங்களில் அவர் கடைக்கு எத்தனை கதவு வந்திருக்கும், எத்தனை பெட்டகம் வந்திருக்கும்! ஒன்றுக்கும் அவர் என்னைக் கூப்பிடவில்லை.

அவர் பெரிய தியாகி என்று சொல்ல வரவில்லை. அந்தத் தெருவில் பேரம் பேசிப் பார்த்தவர்களுக்கு அது தெரியும். கண்ட சாமானுக்கெல்லாம் கூப்பிட்டால் மூன்றாவது தடவை நான் போனை எடுக்க மாட்டேன், அப்புறம் நடுத்தட்டு வந்தாலும் சொல்ல வழி இருக்காது என்பது அவருக்குத் தெரியும். அந்த பயம்தான் அவர் வாயைக் கட்டுகிறது. கன்சோல் ஸ்டோருக்கு அந்த பயம் கிடையாது. கன்சோல் ஒன்றுக்கு டிஜிட்டல் கடையும் ஒன்றுதான், கோபித்துக்கொண்டு பக்கத்துக் கடைக்குப் போக முடியாது. எல்லா அறிவிப்பையும் மொத்தமாக நிறுத்திப் பழிவாங்கினாலும் நஷ்டம் நமக்குத்தான், தள்ளுபடி வந்ததும் தெரியாமல் போகும்.

இரண்டையும் சேர்த்துத்தான் ஆக வேண்டும் என்று தொழில்நுட்பத்தில் ஒரு கட்டாயமும் இல்லை. கணினி கேம்களுக்கான ஸ்டீம் கடையையே எடுத்துக்கொள்ளுங்கள். 2003லிருந்து இருக்கிறது, அதன் மேலும் நூறு குறை சொல்லலாம், ஆனால் கேமின் பக்கத்தில் விஷ்லிஸ்ட், ஃபாலோ, ‘எனக்கு வேண்டாம்’ மூன்றும் தனித்தனிப் பொத்தான்கள். விஷ்லிஸ்டில் போட்டால் கேம் வெளியாகும்போது ஒரு மின்னஞ்சல், 20 சதவீதமோ அதற்கு மேலோ தள்ளுபடி வந்தால் ஒரு மின்னஞ்சல். 5 சதவீதம் குறைந்ததற்கெல்லாம் எழுப்ப மாட்டார்கள். செய்தியும் வேண்டுமென்றால் ஃபாலோவை நீங்களே அழுத்திக்கொள்ள வேண்டும். மற்ற கன்சோல்காரர்களான எக்ஸ்பாக்ஸும் நிண்டெண்டோவும்கூடப் பட்டியலில் இருப்பது தள்ளுபடிக்கு வந்தால் தெரிவிக்கின்றன. அதோடு நின்றால் யாருக்கு என்ன புகார்?

பின்னே ஏன் சேர்க்கிறார்கள் என்றால், காசு கொடுக்காமல் கிடைக்கும் ஆள் கணக்குக்காகத்தான். ஒரு கேம் வெளியாவதற்கு முன்னால் எத்தனை பேர் விஷ்லிஸ்டில் வைத்திருக்கிறார்கள் என்பதைப் பார்த்துத்தான் தயாரிப்பாளர்கள் விற்பனையை ஊகிக்கிறார்கள், முதலீட்டாளரிடம் பேசுகிறார்கள், விளம்பரத்திலும் அந்த எண்ணைப் போட்டுக்கொள்கிறார்கள். டிரெய்லர் முடிந்ததும் ‘இப்போதே விஷ்லிஸ்டில் சேருங்கள்’ என்று ஒரு பலகை வருகிறதே, அது நம் ஞாபகசக்தி மீது உள்ள அக்கறையால் அல்ல. இந்த எண்ணோடு ஃபாலோ எண்ணும் சேர்ந்து ஏறினால் ஸ்டோருக்கு இன்னொரு லாபம்: முகப்புத் திரையில் வருவதெல்லாம் விளம்பரம் என்ற பெயர் இல்லாமல் ‘நீங்கள் பின்தொடரும் கேமின் செய்தி’ என்ற பெயரில் வரும். ஐம்பதாயிரம் கொடுத்து வாங்கிய சாமானில் விளம்பரம் என்றால் சண்டைக்கு வருவோம். நாமே கேட்டு வாங்கிய செய்தி என்றால் வாயை மூடிக்கொள்வோம் அல்லவா.

ஃபாலோ என்பதே வேண்டாத வேலை என்று நான் சொல்லவில்லை. ஹாலோ நைட்: சில்க்சாங் கேமை 2019 பிப்ரவரியில் அறிவித்தார்கள், கைக்கு வந்தது 2025 செப்டம்பர் 4ஆம் தேதி. ஆறரை வருடம்! ஆஸ்திரேலியாவில் அடிலெய்டில் இருக்கும் சின்னக் குழு அது, நடுவில் மாதக்கணக்கில் மூச்சே விடவில்லை. அதற்குக் காத்திருந்தவர்களுக்கு ஒரு வரிச் செய்தி வந்தாலும் அமிர்தம்தான், ஃபாலோ பொத்தான் இருப்பதே அப்படிப்பட்டவர்களுக்காக. வெளியான அன்று கூட்டம் ஒரே நேரத்தில் நுழைந்ததில் ஸ்டீம், பிளேஸ்டேஷன், நிண்டெண்டோ, எக்ஸ்பாக்ஸ் என்று எல்லாக் கடையும் திணறியது. அந்த ஆசை நிஜம். அதையும், பாதி விலைக்கு வந்தால் பார்க்கலாம் என்று நான் ஓரமாக எழுதி வைத்த கார் ரேஸ் கேமையும் ஒரே தராசில் நிறுப்பதுதான் எனக்கு ஒப்பவில்லை.

அந்த ரேஸ் கேமுக்கு ஒரு கதை உண்டு. ஆச்சி மகனின் பிறந்தநாளுக்கு என்று நினைத்து என் கணக்கில் அதைப் போட்டு வைத்திருந்தேன். அவன் ஊரிலிருந்து வந்திருந்த சமயம், இரவு பலகாரம் முடிந்து எல்லோரும் டிவி முன்னால் உட்கார்ந்திருக்கிறோம், என் கணக்கு திறந்திருக்கிறது. திரை மூலையில் அந்த காரின் படம் போட்டு, உங்கள் விஷ்லிஸ்டில் உள்ள கேமுக்கு இன்று இத்தனை சதவீதம் தள்ளுபடி என்று வந்து விழுந்தது. அவன் மெதுவாகத் திரும்பி, “அம்மான், நீங்கதான் கார் கேம் ஆட மாட்டியளே?” என்று சிரிப்பை அடக்கிக்கொண்டு கேட்டான். அதற்கு மேல் மறைக்க என்ன இருக்கிறது, அங்கேயே வாங்கிக் கொடுத்துவிட்டேன். ஆச்சிக்கு என் மேல் கோபம், பரீட்சை நேரத்தில் கேம் வாங்கிக் கொடுத்தேன் என்று. இத்தனைக்கும் அந்தச் செய்தி நான் கேட்ட செய்திதான். வந்து நின்ற இடம்தான் தப்பு. ஒருவர் தனக்காக எழுதி வைத்ததைக் கூடத்தில் எல்லோர் முன்னாலும் உரக்கப் படிப்பது என்ன மரியாதை?

சட்டம் என்ன சொல்கிறது என்று பார்த்தேன். 2023 நவம்பர் 30ஆம் தேதி மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் ‘டார்க் பேட்டர்ன்’களை, அதாவது இணையத்தில் நம்மை ஏமாற்றிச் சம்மதிக்க வைக்கும் வடிவமைப்புத் தந்திரங்களை, தடுக்க வழிகாட்டு நெறிகளை அறிவித்தது. 13 வகைத் தந்திரங்களைப் பட்டியலிட்டிருக்கிறார்கள். பொய்யான அவசரம் காட்டுவது, நமக்குத் தெரியாமல் கூடையில் பொருளைச் சேர்ப்பது எல்லாம் அதில் உண்டு, நச்சரிப்பதும் தனி வகையாகவே இருக்கிறது. வியாபாரம் நடக்க வேண்டும் என்பதற்காகத் திரும்பத் திரும்ப வேண்டுகோள், தகவல், குறுக்கீடு என்று வந்து தொந்தரவு செய்வது நச்சரிப்பு. ஆனால் கடைசியில் ஒரு வாசல் திறந்து வைத்திருக்கிறார்கள், பயனர் குறிப்பாக அனுமதித்திருந்தால் அது சேராது. எல்லாச் சண்டையும் அந்த வாசலில்தான். நான் ஹார்ட்டைத் தட்டியது ‘குறிப்பாக அனுமதித்தது’ ஆகுமா? விலைச் செய்திக்கு ஆகும், ஒத்துக்கொள்கிறேன். புதுச் சட்டை விளம்பரத்துக்கு எப்படி ஆகும்?

அதே 2023இல் வந்த டிஜிட்டல் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டமும் சம்மதம் என்றால் குறிப்பிட்ட நோக்கத்துக்காக, விவரம் தெரிந்து, ஐயத்துக்கு இடமில்லாமல் கொடுத்ததாக இருக்க வேண்டும் என்கிறது. 18 வயதுக்குக் கீழே இருப்பவர்களைக் குறிவைத்து விளம்பரம் காட்டக் கூடாது என்றும் அதில் இருக்கிறது, ஒன்பதாவது படிக்கிற பையன்களின் விஷ்லிஸ்டை நினைத்துப் பாருங்கள். விதிகள் 2025 நவம்பரில்தான் வந்தன, முக்கியமான கடமைகள் அமலுக்கு வர 18 மாத அவகாசம். அது வரைக்கும் இந்தச் சட்டத்தைச் சொல்லி யாரையும் உலுக்க முடியாது. விளம்பர அழைப்பு வேண்டாம் என்று 1909க்கு டிஎன்டி போட்டிருக்கிறேனே என்று யாராவது கேட்டால், அது போன் அழைப்புக்கும் எஸ்எம்எஸ்ஸுக்கும் மட்டும்தான், டிவியில் குதிக்கும் முகமூடிக்காரனை அது கட்டுப்படுத்தாது. போனில் ஆண்ட்ராய்டு 13 வந்த 2022லிருந்து, புதிதாகப் போடுகிற ஆப் நோட்டிஃபிகேஷன் அனுப்பலாமா என்று முதலில் நம்மைக் கேட்டாக வேண்டும். டிவிப் பெட்டிக்கும் அந்த மரியாதை வந்தால் நன்றாக இருக்கும்.

சரி, இப்போதைக்கு என்ன செய்யலாம். கன்சோல் செட்டிங்ஸில் நோட்டிஃபிகேஷன் பகுதிக்குள் போய் ஒவ்வொரு வகையாகப் பாருங்கள், விஷ்லிஸ்ட் சம்பந்தப்பட்டதைத் தவிர மிச்சத்தை அணைத்துவிடலாம். பெயர்களை அப்டேட்டுக்கு அப்டேட் மாற்றுவார்கள், அதனால் இங்கே வரிசையாக எழுதி வைத்துப் பயனில்லை. வீடியோ ஓடும்போது பாப்-அப் வேண்டாம் என்று தனியாகச் சொல்ல எங்கள் கன்சோலில் வழி இருந்தது, அப்பச்சிக்காக முதலில் செய்தது அதைத்தான். போன் ஆப்பும் மின்னஞ்சலும் வேறு வேறு இடம், டிவியில் அணைத்துவிட்டால் அங்கேயும் அணைந்துவிட்டது என்று இருந்துவிடாதீர்கள். முக்கியமானது ஃபாலோ பட்டியல். பட்டியலிலிருந்து கேமை எடுத்துவிட்டால் ஃபாலோவும் கூடவே போய்விடும் என்று நம்பி விடாமல், அந்த கேமின் பக்கத்துக்கே போய் ஃபாலோ இருக்கிறதா என்று ஒரு பார்வை பார்த்து அணைத்துவிடுங்கள். சலிப்பு பிடித்த வேலைதான். ஒரே தட்டில் சேர்ந்ததை அவிழ்க்க இத்தனை அறைக்குள் போய் வர வேண்டியிருக்கிறது.

இன்னொன்று, அந்தப் பட்டியல் நம்முடையது என்றும் ரொம்ப நம்ப வேண்டாம். 2020 அக்டோபரில் பிளேஸ்டேஷன் ஸ்டோரின் வலைத்தளத்தைப் புதுப்பித்தபோது விஷ்லிஸ்ட் வசதியையே எடுத்துவிட்டார்கள், வருடக்கணக்கில் சேர்த்து வைத்திருந்தவர்களின் பட்டியல் அத்தோடு போனது. பிற்பாடு வசதி திரும்பி வந்தது, வைத்திருந்த பழைய பட்டியல் வரவில்லை. அதனால் நான் இப்போது வேண்டிய கேமின் பெயரையும், எந்த விலைக்கு வந்தால் வாங்குவேன் என்பதையும் போன் நோட்ஸில் எழுதி வைக்கிறேன். அந்த இரண்டாவது விவரத்தை எந்த ஸ்டோரும் என்னிடம் கேட்பதில்லை. ‘1,500க்குக் கீழே வந்தால் மட்டும் சொல்’ என்று எழுத ஒரு கட்டம் கொடுத்தால் மற்ற எல்லாத் தொல்லையையும் பொறுத்துக்கொள்வேன், சத்தியமாக.

இதையெல்லாம் ஆச்சி மகனிடம் விலாவாரியாகச் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு, “அம்மான், நான் ஹார்ட் போடுறதே அந்த டிரெய்லர் வரணும்னுதான். வாங்குறதுக்குக் காசு யார்ட்ட இருக்கு?” என்றான். அவனுக்கு அப்படி. அவன் கணக்கில் எல்லாம் திறந்தபடி இருக்கிறது, லீவு முடிந்து கிளம்பும்போது கணக்கை மூடிவிட்டுப் போக வேண்டும் என்பது மட்டும் எங்களுக்குள் ஒப்பந்தம்.